காலத்தை நெய்யும் தறி: தசபுரத்துப் பட்டு நெசவாளர் குழுவுக்கு ஒரு கற்பனைக் கருவி

ஆற்றங்கரை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். இரண்டு ஆண்டுகளாக ஒரு மிகுபுனைவு நாவலை எழுதி வருகிறேன். அதன் நடுவில் உள்ள கருவி எனக்கே நம்பிக்கை தரவில்லை என்பதால் இங்கே கேட்கிறேன்.

கதைக்களம் தசபுரம், அதாவது இன்றைய மத்தியப் பிரதேசத்து மந்தசோர். அங்கே கிடைத்த வடமொழிக் கல்வெட்டு ஒன்று, லாட நாட்டிலிருந்து, அதாவது இன்றைய தென் குஜராத்திலிருந்து, குடிபெயர்ந்து வந்த பட்டு நெசவாளர் சிரேணி (தொழிற்குழு) மாளவ ஆண்டு 493இல், கி.பி. 436ஐ ஒட்டி, சூரியனுக்கு ஒரு கோயில் எடுத்ததைச் சொல்கிறது. பின்னர் அதன் ஒரு பகுதி சிதைந்தபோது மாளவ ஆண்டு 529இல், கி.பி. 473ஐ ஒட்டி, அதே சிரேணி அதைப் புதுப்பித்ததையும் சொல்கிறது. பாடியவர் வத்ஸபட்டி. வந்தவர்களில் சிலர் நெசவிலேயே நிலைத்தார்கள், சிலர் வில்லெடுத்தார்கள், சிலர் கதை சொல்வதில் பெயர் பெற்றார்கள், சிலர் வானநூல் கற்றார்கள் என்று அவர் பாடுகிறார். அந்தக் கடைசிச் செய்தியில்தான் என் கதை பிறந்தது. இழையைத் தொட்டே பழகிய கை நாழிகையை அளக்கப் போனால் எப்படிப்பட்ட கருவியைச் செய்யும்?

நான் செய்திருப்பது ஒரு தறி. அதன் பாவிழைகள் (தறியில் நீளவாக்கில் கட்டிய இழைகள்) பதினாறு நீர்க்கிண்ணங்களோடு பிணைக்கப்பட்டிருக்கின்றன. ஊரில் காலம் தொய்யும்போது, அதாவது ஒரு தெருவில் பொழுது சாய்ந்த பின்னும் அடுத்த தெருவில் உச்சிவெயில் நகராமல் நிற்கும்போது, தறி அதை இழுத்துச் சமன்படுத்துகிறது. முதல் படியைப் படித்தவர்கள் இரண்டு பேரும் ஒரே குறையைச் சொன்னார்கள்: எந்தச் சிக்கல் வந்தாலும் தறி தீர்த்துவிடுகிறது, ஆகவே எதற்கும் பயமில்லை. கருவியின் உள்ளே என்ன நடக்கிறது என்று எனக்குத் தெளிவில்லாததுதான் காரணம் என நினைக்கிறேன். நெசவோ கடிகாரமோ தெரிந்தவர்கள் உதவினால் நன்றியுடையவளாக இருப்பேன்.


ஏட்டுச்சுவடி எழுதியது:

காலத்தை நெய்வது என்ற எண்ணம் உங்கள் கதைக் காலத்து மக்களுக்குப் புதிதாக இருந்திருக்காது. மகாபாரதத்தின் ஆதி பருவத்தில், காதணிகளைத் தேடி நாகலோகம் போகும் உதங்கர், தறியில் அமர்ந்து கறுப்பும் வெள்ளையுமான இழைகளால் நெய்யும் இரண்டு பெண்களையும், பன்னிரண்டு ஆரங்களுள்ள சக்கரத்தைச் சுழற்றும் ஆறு சிறுவர்களையும் காண்கிறார். அந்தப் பெண்கள் தாதாவும் விதாதாவும் என்றும், இழைகள் இரவும் பகலும் என்றும், சக்கரம் ஆண்டு என்றும், சிறுவர்கள் ஆறு பருவங்கள் என்றும் குரு பின்னர் விளக்குகிறார். கதை சொல்வதில் பெயர் பெற்ற நெசவாளர்கள் இந்தக் கதையைச் சொல்லாமல் விட்டிருக்க மாட்டார்கள். உங்கள் குழு தன் தறியைப் புதிய கண்டுபிடிப்பாகக் கருதாமல், நாகலோகத்துத் தறியின் படியாகவே கருதட்டும்.

அளவுகளையும் சொல்லிவிடுகிறேன். ஒரு பகலும் ஓரிரவும் 60 நாழிகை. ஒரு நாழிகை 24 நிமிடம். ஒரு விநாழிகை 24 விநாடி. பழைய முறையில் பானையின் அடியிலிருந்து நீரை ஒழுகவிட்டு அளந்தார்கள். நான்கு மாஷ எடைப் பொன்னை நான்கு விரல் நீளத்துக்கு இழுத்து, அதை வைத்தே துளையின் அகலத்தை வரையறுக்கும் முறை அர்த்தசாத்திரத்தில் இருக்கிறது. பின்னாளில் அடியில் துளையிட்ட செப்புக் கிண்ணத்தை நீரில் மிதக்கவிட்டு, அது மூழ்கும் நேரத்தை ஒரு நாழிகையாகக் கொண்டார்கள். சூரிய சித்தாந்தம் சொல்வது இந்தக் கிண்ணத்தையே. தமிழில் முல்லைப்பாட்டு சொல்லும் குறுநீர்க் கன்னலும், பொழுதளந்து அறிவிக்கும் நாழிகைக் கணக்கரும் இதே குடும்பத்தைச் சேர்ந்தவர்கள்.


குழித்தறி எழுதியது:

அம்மா, நான் காஞ்சிபுரத்தில் பட்டு நெய்கிறவன். என் அப்பாவும் அவருடைய அப்பாவும் அதே வேலைதான். உங்கள் கேள்வியைப் படித்ததும் பதில் எழுதாமல் இருக்க முடியவில்லை.

முதலில் ஒரு திருத்தம். உங்கள் பதிவில் இல்லை, ஆனால் எழுதும்போது தவறிவிடக்கூடும்: கயிற்றை இழுத்தால் தானாக ஓடும் நாடா (குறுக்கிழையைக் கொண்டுபோகும் கருவி) 1733இல் இங்கிலாந்தில் ஜான் கே செய்தது. அட்டையில் துளையிட்டுப் பூவேலையை ஓட்டும் ஜக்கார்டு 1804ஐ ஒட்டி பிரான்சில் வந்தது. இரண்டும் தசபுரத்தில் இருக்கக் கூடாது. உங்கள் ஆட்கள் நாடாவைக் கையால்தான் எறிவார்கள். உடலும் கரையும் வேறு நிறமாக இருக்கும் கோர்வைச் சேலையை நாங்கள் இன்றும் மூன்று நாடா வைத்துக் கையால் எறிந்துதான் நெய்கிறோம், பக்கத்தில் ஓர் ஆள் துணைக்கு இருக்க வேண்டும். ஆகவே உங்கள் கருவியில் ஒருவர் மட்டும் அமர்ந்திருந்தால் நான் நம்ப மாட்டேன்.

இப்போது நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். தறி ஒன்றை நிலைப்படுத்துகிறது என்றால் அது பாவின் இழுவிசையைத்தான் நிலைப்படுத்துகிறது. பாவு தொய்ந்தால், மிதியை மிதிக்கும்போது இழைகள் மேலும் கீழுமாகச் சரியாகப் பிரியாது, நாடா நடுவில் சிக்கும். மிகவும் இறுகினால் இழை அறும். எங்கள் பழைய குழித்தறியில் பாவை இழுத்துப் பிடிக்கும் கயிறு, எதிர்முனையில் உள்ள கட்டையைச் சுற்றி, திரும்பி நெய்பவரின் கைக்கு எட்டும் இடத்தில் ஒரு முளையில் கட்டப்பட்டிருக்கும். ஒரு சாண் நெய்ததும் அந்தக் கயிற்றைச் சற்றே தளர்த்தி, நெய்த துணியைப் படமரத்தில் சுருட்டி, மறுபடியும் இறுக்கிக் கட்டுவோம். எவ்வளவு இறுக்கம் என்று எந்த அளவுகோலும் சொல்லாது. உள்ளங்கையைப் பாவின் மேல் வைத்து இலேசாக அழுத்தினால் அது திருப்பித் தள்ளும் விதத்தில் தெரிந்துவிடும்.

இதில் ஒன்றை நெய்யாதவர்கள் பெரும்பாலும் கவனிப்பதில்லை. தறியில் இருக்கும்போது துணி இழுபட்ட நிலையில் இருக்கிறது. அறுத்து இறக்கியதும் அது நீளத்தில் கொஞ்சம் சுருங்கும். எவ்வளவு இறுக்கி நெய்தோமோ அவ்வளவு சுருக்கம். அளவு தெரியாத புதியவர், தறியில் சரியாக அளந்த சேலை கையில் சிறுத்து நிற்பதைப் பார்த்து அழுததும் உண்டு. அந்தப் புதியவன் நான்தான். எனக்கு அப்போது பதினாறு வயது.

உங்கள் தறி தொய்ந்த காலத்தை இழுக்கிறது என்கிறீர்கள். இழுத்த நீளம் எங்கே போய்ச் சேர்கிறது? நெய்த துணியோடு படமரத்தில் சுருண்டிருக்கும். தறியை நிறுத்தி, துணியை அறுத்து இறக்கும் நாளில் அது சுருங்கியே தீரும். உங்கள் கதையின் பயம் அங்கே இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது.


ஆற்றங்கரை எழுதியது:

ஐயா, கடைசிப் பத்தியைப் படித்துவிட்டு வெகுநேரம் எதுவும் எழுதாமல் உட்கார்ந்திருந்தேன். கோயில் எடுத்ததற்கும் புதுப்பித்ததற்கும் இடையில் 36 ஆண்டுகள் இருக்கின்றன. தறி அந்த 36 ஆண்டுகளும் நிற்காமல் ஓடியது என்று வைத்துக்கொண்டு ஒரு கணக்குப் போட்டேன். நாளொன்றுக்கு ஒரே ஒரு விநாழிகை அளவுக்குக் காலத்தை அது இழுத்திருந்தால், 13,149 நாட்களில் 13,149 விநாழிகை சேரும். அது 219 நாழிகை, அதாவது மூன்று நாளும் 39 நாழிகையும். தறியை அறுத்து இறக்கும் அன்று ஊரிலிருந்து ஏறத்தாழ அந்த மூன்றே முக்கால் நாள் சுருங்கிப்போகும். அந்த நாட்களில் பிறந்தவர்கள், இறந்தவர்கள், வைத்த கற்கள் எல்லாம் என்ன ஆகும் என்பதுதான் இனி என் கதை.

ஆனால் நீர்க்கிண்ணங்களை என்ன செய்வது என்று இன்னும் தெரியவில்லை. பதினாறு என்ற எண்ணை அழகுக்காகத்தான் வைத்தேன்.


நொடிமுள் எழுதியது:

கடிகாரங்களை ஒப்பிட்டுச் சரிபார்ப்பது என் தொழில். பதினாறு என்பது நல்ல எண்ணே. ஏன் என்று சொல்கிறேன்.

ஒன்றையொன்று சாராமல் தவறும் கருவிகள் பல இருந்தால், அவற்றின் சராசரியில் பிழை எண்ணிக்கையின் வர்க்கமூல அளவுக்குக் குறைகிறது. பதினாறு கிண்ணங்கள் என்றால் பிழை நான்கில் ஒன்றாகும். தனியொரு கிண்ணம் நூற்றில் ஒரு பங்கு விரைந்து மூழ்கினாலும் ஒரு நாளில் 14 நிமிடத்துக்கு மேல் பிசகிவிடும் என்பதால், இந்தக் குறைப்பு உங்கள் குழுவுக்கு உயிர்நாடி. ஆனால் ‘ஒன்றையொன்று சாராமல்’ என்பதில்தான் எல்லாம் அடங்கியிருக்கிறது. பதினாறையும் ஒரே தொட்டியில் மிதக்கவிட்டால், வெயிலேற நீர் சூடாகி எல்லாக் கிண்ணங்களும் சேர்ந்தே விரையும். சேர்ந்து செய்யும் பிழையைச் சராசரி தொடாது. நீரின் வெப்பம் 20 பாகை செல்சியசிலிருந்து 30 பாகைக்கு ஏறும்போது அதன் பாகுநிலை, அதாவது ஓடுவதைத் தடுக்கும் பிசுக்கு, ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைகிறது. மெல்லிய நீண்ட குழாய் வழியே ஒழுகும் நீர் இதனால் மிகவும் பாதிக்கப்படும், மெல்லிய தகட்டில் இட்ட துளை வழியே நுழையும் நீர் அவ்வளவு பாதிக்கப்படாது. ஏட்டுச்சுவடி சொன்ன இரண்டு வகைக் கருவிகளுக்கும் இடையே உங்கள் குழுவுக்குள் ஒரு சண்டையையே வைக்கலாம்.

இன்னொரு ஆபத்தும் உண்டு. 1665இல் டச்சு அறிவியலாளர் ஹைகன்ஸ் நோயுற்றுப் படுத்திருந்தபோது, ஒரே தாங்கியில் தொங்கிய தம் இரண்டு ஊசல் கடிகாரங்களும் எப்படித் தொடங்கினாலும் சிறிது நேரத்தில் எதிரெதிராக ஒரே தாளத்தில் ஆடத் தொடங்குவதைக் கவனித்தார். தாங்கி வழியே கண்ணுக்குத் தெரியாத அசைவு ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குப் போய்க்கொண்டிருந்தது. உங்கள் கிண்ணங்களைத் தறியின் ஒரே மரத்தில் கட்டினால், அவையும் ஒன்றையொன்று இழுக்கும். எல்லாம் ஒத்துப்போகும், குழுவும் மகிழ்ந்துபோகும். ஆனால் ஒத்துப்போனவற்றை ஒப்பிட்டுப் பிழையைக் கண்டறிய முடியாது. பதினாறு கிண்ணங்களைப் பதினாறு வீடுகளில் வையுங்கள். வெவ்வேறு கிணற்றுநீர், வெவ்வேறு கைகள்.

இன்று உலகம் நேரத்தைச் செய்யும் முறையும் இதுதான், இதைக் கற்பனை என்று யாரும் எண்ணிவிடக் கூடாது. 1967 முதல் ஒரு விநாடி என்பது சீசியம் அணுவின் குறிப்பிட்ட கதிர்வீச்சு 9,19,26,31,770 முறை அலைவுறும் நேரம். அப்படி விநாடியை எண்ணும் கடிகாரங்கள் நானூற்றுக்கும் மேற்பட்டவை உலகெங்கும் உள்ள ஆய்வகங்களில் இருக்கின்றன, புது தில்லியின் தேசிய இயற்பியல் ஆய்வகம் உட்பட. அவற்றின் கணக்குகளைப் பாரிசுக்கு அருகே செவ்ர் நகரில் உள்ள பன்னாட்டு எடைகள், அளவைகள் செயலகம் வாங்கி, ஒவ்வொரு கடிகாரத்துக்கும் ஓர் எடை கொடுத்து, ஒன்றாகச் சேர்த்து உலக நேரத்தை வரைகிறது. ஒவ்வோர் ஆய்வகமும் எவ்வளவு விலகியிருந்தது என்ற பட்டியல் மாதந்தோறும் வெளியாகிறது. ஆகவே உலகத்தின் மிகச் சரியான நேரம் எந்த ஒரு கடிகாரத்தின் முகத்திலும் இல்லை. அது கடந்துபோன பிறகே, தாளில்தான் தெரியவருகிறது.


மழைக்குறி எழுதியது:

நான் மிகுபுனைவை விரும்பிப் படிப்பவள் என்ற முறையில் ஒரு தயக்கத்தைப் பதிவு செய்கிறேன். பாகுநிலையும் வர்க்கமூலமும் கதைக்குள் வந்தால் மந்திரம் செத்துப்போகும். வாசகருக்குக் கருவியின் விளக்கம் வேண்டியதில்லை. அது யாரிடமிருந்து எதை எடுத்துக்கொள்கிறது என்பது மட்டும் தெரிந்தால் போதும்.


நொடிமுள் எழுதியது:

மழைக்குறி, விளக்கம் பக்கத்தில் வர வேண்டாம் என்பதை ஏற்கிறேன். எழுதுபவருக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்பதே என் வேண்டுகோள். எதை எடுத்துக்கொள்கிறது என்ற உங்கள் கேள்விக்கு விடை அந்தக் கணக்கிலிருந்துதான் வருகிறது.

எடை கொடுப்பதையே பாருங்கள். சரியாக ஓடும் கடிகாரத்துக்கு அதிக எடை என்றுதான் எல்லோரும் நினைப்பார்கள். நடைமுறையில், எப்படித் தவறும் என்று முன்கூட்டிச் சொல்லக்கூடிய கடிகாரத்துக்கே அதிக எடை. நாள்தோறும் ஒரே அளவு பிந்தும் கிண்ணம் நல்ல கிண்ணம், ஏனென்றால் அந்தப் பிந்துதலைக் கழித்துவிடலாம். ஒரு நாள் முந்தி, ஒரு நாள் பிந்தி, மாதக் கணக்கில் சரியாக வந்து நிற்கும் கிண்ணத்தை நம்ப முடியாது. எந்த ஒன்றுக்கும் அளவுக்கு மீறிய எடை போய்விடாதபடி உச்சவரம்பும் உண்டு. பதினாறு வீடுகளில் எந்த வீட்டின் நாழிகைக்கு எவ்வளவு எடை என்று மாதந்தோறும் சபையில் அறிவிக்கும் காட்சியை எண்ணிப்பாருங்கள். எடை குறைக்கப்பட்ட வீட்டின் கிழவி அன்றிரவு என்ன நினைத்திருப்பாள்?

இனி, உங்கள் கதைக்கு நான் தர விரும்பும் முக்கியமான செய்தி. உங்கள் குழு சூரியனுக்குக் கோயில் கட்டிய குழு. கோலை நட்டு நிழல் மிகக் குறுகும் கணத்தை நண்பகலாகக் கொண்டு தங்கள் கிண்ணங்களைத் திருத்தியிருப்பார்கள். இரவில் ஒரே விண்மீன் உச்சிக்கு வரும் கணத்தையும் குறித்திருப்பார்கள். பல ஆண்டுகள் இரண்டையும் கவனமாக ஒப்பிட்டால் ஒரு நாள் தெரியவரும்: விண்மீன் ஒரே சீராகத் திரும்புகிறது, சூரியன் அப்படி இல்லை. நண்பகலிலிருந்து நண்பகல் வரையிலான நேரம் டிசம்பர் இறுதியில் 24 மணிக்கு ஏறத்தாழ அரை நிமிடம் கூடுதலாகவும், செப்டம்பர் நடுவில் ஏறத்தாழ 20 விநாடி குறைவாகவும் இருக்கிறது. இந்தச் சிறு வேறுபாடுகள் சேர்ந்து, நவம்பர் தொடக்கத்தில் சூரியன் சீரான நேரத்தைவிட 16 நிமிடம் முந்தியும், பிப்ரவரியில் 14 நிமிடம் பிந்தியும் நிற்கிறது. பூமியின் பாதை நீள்வட்டமாக இருப்பதும் அதன் அச்சு சாய்ந்திருப்பதும் காரணங்கள். கிரேக்க வானியலாளர் தாலமி இதை இரண்டாம் நூற்றாண்டிலேயே அறிந்திருந்தார்.

தங்கள் தெய்வமே சீராக நடக்கவில்லை என்று தறி சொன்னால் அந்த நெசவாளர்கள் எதை நம்புவார்கள்? இதே கேள்வி நம் காலத்திலும் எழுந்தது. அணுக் கடிகாரங்கள் வந்ததும் பூமியின் சுழற்சி சீரற்றது என்பது விநாடி விநாடியாகத் தெரிந்தது. 1972 முதல் இதுவரை 27 முறை உலக நேரத்தில் ஒரு விநாடியைச் செருகியிருக்கிறோம். கடைசியாகச் செருகியது 2016 டிசம்பர் 31 அன்று. அப்படிச் செருகுவது கணினி வலையமைப்புகளுக்குத் தொல்லையாக இருப்பதால், 2035க்குள் இந்த வழக்கத்தைக் கைவிடுவது என்று 2022இல் நாடுகள் கூடி முடிவெடுத்தன. அதன் பிறகு பிழை சிறிது சிறிதாகச் சேர்ந்துகொண்டே போகும், என்றாவது ஒரு நாள் மொத்தமாகக் கணக்குத் தீர்க்க வேண்டும். குழித்தறி ஐயா சொன்ன படமரத்துச் சுருளை நினைக்காமல் என்னால் அதை எழுத முடியவில்லை.

தொடர்பில்லாததுபோலத் தோன்றினாலும் இன்னொன்று. தரைக்கு அருகில் காலம் மெதுவாகவும் உயரத்தில் சற்றே விரைவாகவும் ஓடுகிறது. வெறும் 33 சென்டிமீட்டர் உயர வேறுபாட்டில் இதை 2010இல் அமெரிக்க ஆய்வகம் ஒன்றில் அளந்து காட்டினார்கள். குழித்தறியில் அமர்பவரின் கால் குழிக்குள்ளும் தலை மேலேயும் இருக்கின்றன அல்லவா? அவருடைய பாதம் தலையைவிட, அளக்கக்கூடிய ஆனால் உணர முடியாத அளவுக்கு, இளமையானது.


குழித்தறி எழுதியது:

அந்தக் கடைசி வரியை என் மனைவியிடம் படித்துக் காட்டினேன். நாற்பது ஆண்டுகளாகக் குழியில் இருக்கும் முழங்கால் மட்டும் ஏன் முதலில் கிழடானது என்று கேட்டாள். உங்கள் விஞ்ஞானத்தை மறுக்க அவள் அப்படிக் கேட்கவில்லை, நொடிமுள் தம்பி. அம்மா எழுதும் கதையில் தறியில் அமர்ந்தவரின் உடல் வர வேண்டும் என்பதற்காகத்தான் இதைச் சொல்கிறேன். இழுவிசை முழுவதும் கயிற்றில் மட்டும் இருப்பதில்லை. இடுப்பிலும் முழங்காலிலும் இருக்கிறது.

தறியை எப்படி நிறுத்துவது என்பதற்கும் ஒரு வழி சொல்கிறேன். எங்கள் சேலையில் முந்தானை வேறு நிறமாக வேண்டும் என்றால் பேட்னி போடுவோம். உடலின் பாவிழைகளை ஓரிடத்தில் நிறுத்தி, முந்தானையின் புதிய பாவிழைகளை ஒவ்வொன்றாக அவற்றோடு பிணைக்க வேண்டும். ஆயிரக்கணக்கான இழைகள். ஒன்றை விட்டாலும் துணியின் நீளம் முழுவதும் ஒரு கோடு போல அது தெரியும். பேட்னி போடும்போது வீட்டில் யாரும் பேச மாட்டார்கள், வாசலில் யாராவது கூப்பிட்டால் பிள்ளைகளைத்தான் அனுப்புவோம். பேட்னி போட்ட சேலையில் கைவைத்துத் தடவினால் அந்த இடம் மேடாகத் தெரியும். இரண்டு பாவுகளையும் அறுக்காமல் ஒன்றாக்கியதன் அடையாளம் அது.

உங்கள் ஆட்கள் 36 ஆண்டுச் சுருளை அறுத்தால் மூன்றே முக்கால் நாள் போய்விடும். அறுக்காமல், பழைய காலத்தின் ஒவ்வோர் இழையோடும் புதிய காலத்தின் ஓர் இழையைப் பிணைத்தால் ஊர் தப்பும், ஆனால் படமரத்தின் சுருள் அப்படியே அடுத்த தலைமுறைக்குப் போகும். எது நல்லது என்று என்னால் சொல்ல முடியாது. மழைக்காலத்தில் குழிக்குள் நீர் ஊறித் தறி நின்றுபோவது எங்களுக்கு ஆண்டுதோறும் நடப்பது. ஆற்றங்கரையில் உள்ள ஊர் என்றால் அவர்களுக்கும் நடந்திருக்கும். முடிவெடுக்க அவகாசம் இல்லாத இரவு ஒன்று அவர்களுக்கு வந்தே இருக்கும்.


ஆற்றங்கரை எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. இன்று காலை பழைய மூன்று அத்தியாயங்களை எடுத்துவிட்டேன். தறி இப்போது கோயிலுக்கு அருகில் ஒரே வீட்டில் இருக்கிறது, கிண்ணங்கள் பதினாறு வீடுகளுக்குப் போய்விட்டன. மாதந்தோறும் சபை கூடி ஒவ்வொரு வீட்டின் பிழையையும் வாசிக்கிறது. மழைக்குறி அஞ்சியதுபோல விளக்கம் எதுவும் இல்லை. வாசிக்கும் குரலும், கேட்பவர்களின் முகங்களும் மட்டும் இருக்கின்றன.

மழை இரவில் தறிக்குழியில் நீர் ஏறுகிறது. வானநூல் கற்ற மகன் அறுக்கச் சொல்கிறான், ஏனென்றால் பிழையை இனியும் மறைக்கக் கூடாது என்பது அவன் கொள்கை. கயிற்றைப் பிடித்திருக்கும் தாய், நீருக்குள் அமர்ந்தபடியே இழைகளைப் பிணைக்கத் தொடங்குகிறாள். விடிவதற்குள் எத்தனை இழைகளைப் பிணைத்தாள் என்பதைப் பொறுத்து எத்தனை நாழிகை ஊரிலிருந்து போனது என்று வைத்திருக்கிறேன். முழுவதும் போகவில்லை, முழுவதும் தப்பவும் இல்லை. கோயிலின் சிதைந்த பகுதி, அன்று பிணைக்கப்படாமல் போன இழைகளில் நின்றிருந்த பகுதி.

ஐயா, ஒரு சந்தேகம். இருட்டில், நனைந்த இழையைப் பிணைக்க முடியுமா?


குழித்தறி எழுதியது:

முடியும் அம்மா. கண்ணுக்கு வேலையில்லை, கட்டைவிரலும் சுட்டுவிரலும்தான் முறுக்கும். ஆனால் விரல் நனைந்திருந்தால் முறுக்கு பிடிக்காது, சாம்பல் தொட்டுக்கொள்ள வேண்டும். அவள் பக்கத்தில் யாராவது ஒருவர், நீர் படாமல் உயர்த்திப் பிடித்த ஒரு சட்டியில் சாம்பல் வைத்திருக்கட்டும். கோர்வைக்குத் துணை இருப்பதுபோல. அந்த ஆள் மகனாக இருந்தால் எனக்குப் பிடிக்கும்.